18 விநாடிக்குள் ஒரு படம்

1954-ஆம் ஆண்டு ஹாலிவுட்டில் வெளிவந்து அதிகம் பேசப்படாமல் போன ‘தி ஹியூமன் ஜங்கிள்’ என்ற குற்றப் படத்தில், நாற்காலியில் அமர்ந்து படித்துக்கொண்டிருக்கும் மனைவியிடம் கணவன் கதவைத் திறந்துகொண்டு வந்து முத்தமிடும் காட்சித்துண்டு ஒன்று உண்டு. திரையில் 18 விநாடியே ஓடும் அந்தத் துண்டை மட்டும் வைத்துக்கொண்டு, வியன்னாவைச் சேர்ந்த மார்ட்டின் ஆர்னால்ட் 1989-இல் ‘பியஸ் தூஷே’ என்ற ஏறத்தாழ 16 நிமிடக் குறும்படத்தை உருவாக்கினார். அதற்காக அவர் புதிதாக ஒரு நடிகரையும் அழைக்கவில்லை. எந்த வீட்டுக்குள்ளும் கேமராவைக் கொண்டுபோகவில்லை. கணவன், மனைவி, ஒரு கதவு, ஒரு விளக்கு என்ற பழைய சரக்கே அவருடைய முழு முதலாக இருந்தும், மூலப் படத்தைப் பார்த்த எவரும் கண்டிராத ஒரு வீடு அவருடைய படத்தில் தெரிகிறது.

பிறர் எடுத்து முடித்த படச்சுருளையே மூலப்பொருளாகக் கொண்டு வேறொரு படம் ஆக்கும் இம்முறையைத் திரை ஆய்வாளர்கள் ‘ஃபவுண்ட் ஃபுட்டேஜ்’, அதாவது கண்டெடுத்த படச்சுருள் என்று குறிப்பிடுகின்றனர். காட்டில் காணாமல் போனவர்களின் கேமராவில் இருந்ததாகச் சொல்லிக் காட்டப்படும் ‘தி பிளேர் விட்ச் ப்ராஜெக்ட்’ போன்ற திகில் படங்களுக்கும் இதே பெயர் ஒட்டிக்கொண்டுவிட்டதால் குழப்பம் நேர்வதுண்டு. அவற்றில் கண்டெடுத்தது என்பது கதைக்காகச் சொல்லப்படும் பொய், இங்கேயோ அது தொழில்முறையின் உண்மை. மறுஆக்கத்திலிருந்தும் இது அடிப்படையிலேயே வேறுபட்டது: ரீமேக் எடுப்பவர் கதையை எடுத்துக்கொண்டு படத்தை விட்டுவிடுகிறார், இவர்கள் கதையை விட்டுவிட்டுப் படத்தை எடுத்துக்கொள்கிறார்கள். நடிகர் ஒருவரின் வசனங்களைக் கோத்துச் சிரிப்பு மூட்டும் இணையத் துணுக்குகளும் வெட்டி ஒட்டியவைதாம் என்றாலும், அவை மூலப் படத்தின் புகழைச் செலவழிப்பதோடு நின்றுவிடுகின்றன. மூலப் படம் தன்னையறியாமல் தனக்குள் வைத்திருந்ததை அதன் உடலிலிருந்தே வெளியே வரவழைக்கும் படங்களையே இக்கட்டுரை பொருட்படுத்துகிறது.

வெட்டுமேசையில் தொடங்கிய வரலாறு

பழைய சுருளுக்குப் புதிய பொருள் தர முடியும் என்பதை முதலில் பெரிய அளவில் கண்டுகொண்டவர்கள் கலைஞர்கள் அல்லர், ஓர் அரசு. 1920-களில் சோவியத் ஒன்றியத்துக்கு வந்த அயல்நாட்டுப் படங்கள் அங்குள்ள பார்வையாளர்களுக்கு ஏற்ப வெட்டித் திருத்தப்பட்டன. அவ்வேலையில் தேர்ந்திருந்த எஸ்ஃபிர் ஷுப், 1924-இல் ஃபிரிட்ஸ் லாங்கின் ‘டாக்டர் மாபூஸ்’ படத்தைத் திருத்தியபோது உடனிருந்து தொழில் பழகியவர் செர்கெய் ஐசன்ஸ்டைன். தணிக்கையாளரின் கத்தரிக்கோல்தான் துண்டுகளை இணைத்துப் புதுப் பொருள் உண்டாக்கும் மொன்டாஜ் கோட்பாட்டுக்கு ஒரு பள்ளிக்கூடமாக இருந்தது என்பது திரை வரலாற்றின் விசித்திரங்களில் ஒன்று. அதே ஷுப் 1927-இல் ‘ரோமனோவ் வம்சத்தின் வீழ்ச்சி’ என்ற படத்தைத் தொகுத்தார். ஜார் குடும்பம் தன் பெருமைக்காக எடுத்துவைத்திருந்த படங்களையும் அக்காலச் செய்திப்படங்களையும் அவர் வரிசை மாற்றி அடுக்கியபோது, அவையே அக்குடும்பத்துக்கு எதிரான சாட்சியமாயின.

ஷுப் எடுத்தாண்டவை மெய்ச்செய்திப் படங்கள். கதைப்படத்தின் மீது கைவைத்த முன்னோடி, நியூயார்க்கில் சிறு மரப்பெட்டிகளுக்குள் பழம்பொருட்களை அடுக்கிக் கலைப்பொருளாக்கிவந்த ஜோசஃப் கார்னெல். யுனிவர்சல் நிறுவனம் 1931-இல் வெளியிட்ட ‘ஈஸ்ட் ஆஃப் போர்னியோ’ ஓர் அசல் காட்டுச் சாகசப் படம். முதலைகள், எரிமலை, கீழைத்தேய இளவரசன், காணாமல் போன கணவனைத் தேடிச் செல்லும் வெள்ளைக்காரப் பெண் என்று அக்கால வழக்கமான உருப்படிகள் அனைத்தும் அதில் இருந்தன. அதன் 16 மி.மீ. பிரதி ஒன்று கையில் கிடைத்ததும், கார்னெல் சாகசம் முழுவதையும் கழித்துவிட்டு, கதாநாயகியாக நடித்த ரோஸ் ஹோபார்ட் தோன்றும் துண்டுகளையே பெரும்பாலும் வைத்துக்கொண்டு, இடையிடையே சூரிய கிரகணம் போன்ற சில வேற்றுப் படத் துண்டுகளைச் செருகி, ஏறத்தாழ 19 நிமிடப் படமாக்கி அதற்கு அந்த நடிகையின் பெயரையே சூட்டினார். பேச்சை அறவே நீக்கி, பேசும் படத்துக்குரிய வேகத்தைக் குறைத்து ஊமைப் பட வேகத்தில் ஓட்டி, நீலக் கண்ணாடி வழியே ஒளியைப் பாய்ச்சி, பிரேசில் நாட்டு இசைத்தட்டு ஒன்றைப் பக்கத்தில் சுழலவிட்டு 1936-இல் ஜூலியன் லெவி கலைக்கூடத்தில் அவர் இதைத் திரையிட்டார்.

கதை போனபின் அந்தப் படத்தில் எஞ்சுவது, ஒரு பெண் திரும்பிப் பார்ப்பது, கையைக் கழுத்தருகே கொண்டுபோவது, யாருக்கோ காத்திருப்பது ஆகியவை மட்டுமே. யாருக்கு, எதற்கு என்ற கேள்விகளுக்கு விடையில்லாததால் அந்த அசைவுகள் காரணத்திலிருந்து விடுபட்டுத் தனித்து நிற்கின்றன. ஒரு நடிகையின் முகத்தை மட்டும் பார்த்துக்கொண்டிருக்க விரும்பும் ரசிகன், இடையில் குறுக்கிடும் கதையைப் பொறுக்க மாட்டாமல் வெட்டி எறிந்துவிட்டால் எப்படியிருக்குமோ அப்படியிருக்கும் இப்படம், ரசிக மனத்தைப் பற்றி எழுதப்பட்ட பல நூல்களைவிடக் கூர்மையானது. முதல் காட்சியில் பார்வையாளராக அமர்ந்திருந்த சல்வதோர் தாலி, தன் மனத்தில் இருந்த எண்ணத்தை இவர் திருடிவிட்டார் என்று கொதித்துப் புரொஜெக்டரைத் தள்ளிவிட்டதாகக் கலைக்கூட வரலாறு சொல்கிறது. கூச்ச சுபாவியான கார்னெல் அதன்பின் நெடுங்காலம் இப்படத்தைப் பொதுவில் காட்டத் தயங்கினார். அமெரிக்காவின் தேசியத் திரைப்படப் பதிவேட்டில் அது இடம்பெற்றது 2001-இல்தான்.

அதன்பிறகு அமெரிக்காவில் இம்மரபு பல கிளைகளாகப் பிரிந்தது. சிற்பியாக இருந்த புரூஸ் கானர், 1958-இல் எடுத்த ‘எ மூவி’ என்ற 12 நிமிடப் படத்தில் குதிரைவண்டித் துரத்தல்களையும் கார் பந்தய விபத்துகளையும் ஒரே ஓட்டமாக இணைத்தார். நீர்மூழ்கிக் கப்பலின் பெரிஸ்கோப் வழியே மாலுமி பார்க்கிறான், அடுத்த துண்டில் ஒரு கவர்ச்சிப் பெண் தெரிகிறாள், டார்பிடோ பாய்கிறது, அணுகுண்டுப் புகை எழுகிறது. வெவ்வேறு படங்களிலிருந்து வந்த இந்நான்கு துண்டுகளையும் பார்ப்பவரின் கண் தானாகவே காரண காரியமாகக் கோத்துக்கொள்வதில்தான் படத்தின் சிரிப்பும் அச்சமும் இருக்கின்றன. கென் ஜேக்கப்ஸ் வேறு திசையில் சென்று, 1905-இல் பில்லி பிட்சர் எடுத்த ‘டாம், டாம், தி பைப்பர்ஸ் சன்’ என்ற சில நிமிட ஊமைப் படத்தைத் திரையிலிருந்தே மறுபடி படம்பிடித்து, மூலைகளையும் முகங்களையும் அணுகி ஆராய்ந்து, 1969-இல் ஏறத்தாழ இரண்டு மணி நேரப் படமாக விரித்தார். பிட்சரின் படம் தப்பிப் பிழைத்ததற்குக் காரணம் சட்டத்தின் ஒரு குறைபாடு: 1912-க்கு முன்பு அமெரிக்கப் பதிப்புரிமைச் சட்டம் திரைப்படத்தைத் தனி இனமாக ஏற்காததால், தயாரிப்பாளர்கள் பலர் தம் படங்களைப் புகைப்படக் காகிதச் சுருளில் அச்சிட்டுக் காங்கிரஸ் நூலகத்தில் ஒப்படைத்தனர். பிலிம் அழிந்தது, காகிதம் நின்றது.

வியன்னாவின் பட்டறை

இம்முறையை அதன் எல்லைவரை கொண்டுசென்ற நகரம் வியன்னா. 1950-களின் இறுதியிலிருந்தே பீட்டர் குபெல்கா, குர்ட் கிரென் ஆகியோர் அங்கே படச்சுருளைச் சட்டகம் சட்டகமாக எண்ணிக் கணக்கிட்டுப் படம் செய்துவந்தனர். சட்டகம் என்பது பிலிமில் பதிந்திருக்கும் ஒற்றை அசைவற்ற படம். விநாடிக்கு 24 சட்டகங்கள் ஓடும்போது கண் அவற்றை அசைவாக உணர்கிறது. சினிமாவின் அடிப்படை அலகு காட்சித்துண்டு அன்று, இரு சட்டகங்களுக்கு இடையிலுள்ள வேறுபாடே என்பது குபெல்காவின் உறுதியான நிலைப்பாடு. 1964-இல் ஆஸ்திரியத் திரைப்பட அருங்காட்சியகத்தை நிறுவிய இருவரில் அவரும் ஒருவர் என்பதால், அடுத்த தலைமுறை பழைய படங்களையும் இந்தப் பார்வையையும் ஒரே இடத்தில் பெற்றது.

ஆர்னால்டின் 18 விநாடித் துண்டில் இருப்பவை 432 சட்டகங்கள். 16 நிமிடப் படத்துக்கு வேண்டியவை 23,000-க்கும் மேல். இந்த இடைவெளியை நிரப்ப அவர் பயன்படுத்தியது ஆப்டிகல் பிரின்டர். ஒரு புரொஜெக்டரையும் ஒரு கேமராவையும் எதிரெதிரே நிறுத்தி, பழைய சுருளின் எந்தச் சட்டகத்தையும் எந்த வரிசையிலும் எத்தனை முறை வேண்டுமானாலும் புதுச் சுருளில் பதிய வைக்கும் இக்கருவியை, ஸ்டூடியோக்கள் தந்திரக் காட்சிகளுக்கும் எழுத்துகள் போடுவதற்கும் பயன்படுத்தின. ஆர்னால்ட் தமக்கானதைத் தாமே அமைத்துக்கொண்டு, இரண்டு சட்டகம் முன்னே, ஒன்று பின்னே என்பதுபோல் அசைவை முன்னும் பின்னும் தள்ளினார்.

படத்தின் தொடக்கத்தில் அந்தப் பெண் புகைப்படம்போல் அசையாமல் இருக்கிறாள். பிறகு ஒரு விரல் மட்டும் துடிக்கத் தொடங்குகிறது. அது நரம்புக் கோளாறா, பொறுமையின்மையா, பயமா என்று சொல்ல முடியாது. அவளுக்குப் பின்னாலுள்ள கதவு திறக்கிறது, மூடுகிறது, திறக்கிறது. உள்ளே வர முனையும் கணவன் வாசலிலேயே எண்ணற்ற தடவை பின்வாங்குகிறான். மூலப் படத்தில் இயல்பான இல்லற வரவேற்பாக இருந்த முத்தம், முன்னும் பின்னுமாக அசைக்கப்படும்போது மோதலாகவும் மறுப்பாகவும் கட்டாயமாகவும் மாறி மாறித் தெரிகிறது. பின்பகுதியில் படம் இடவலமாகவும் தலைகீழாகவும் புரட்டப்பட, கணவனும் மனைவியும் ஓர் இயந்திரத்தின் இரு உறுப்புகள்போல் சுழல்கின்றனர். 1950-களின் ஹாலிவுட் வீட்டில் ஆண் நின்றுகொண்டும் பெண் அமர்ந்துகொண்டும் இருக்க வேண்டும், அவன் வரும்வரை அவள் காத்திருக்க வேண்டும் என்ற எழுதாத விதியை இப்படம் ஒரு சொல்கூடப் பேசாமல் அம்பலமாக்குகிறது.

1993-இல் வந்த ‘பாசாஜ் ஆ லாக்ட்’ இதைவிடத் துணிச்சலானது, ஏனெனில் அது கைவைத்தது யாரும் குறை சொல்லத் தயங்கும் ஒரு படத்தில். 1962-இல் வெளியான ‘டு கில் எ மாக்கிங்பேர்ட்’ நேர்மைக்கும் நல்ல தகப்பனுக்கும் உதாரணமாகக் காட்டப்படுவது. அதில் கிரெகரி பெக் பிள்ளைகளுடன் காலை உணவு மேசையில் அமர்ந்திருக்கும் அரை நிமிடக் காட்சியை ஆர்னால்ட் 12 நிமிடமாக்கினார். இம்முறை ஒலியும் படத்தோடு சேர்ந்து வெட்டப்படுகிறது. பள்ளிக்குக் கிளம்பும் சிறுவன் கதவைச் சாத்தும் சத்தம் இயந்திரத் துப்பாக்கியாக வெடிக்கிறது. தங்கைக்காகக் காத்திருக்கச் சொல்லும் தகப்பனின் சொல் முடிவடையாமல் அதட்டலாகவே நின்றுவிடுகிறது. கரண்டி தட்டில் படும் ஓசை ஆலைச் சத்தமாகிறது. அன்பான வீட்டிலும் ஒழுங்கு என்பது கட்டளையால்தான் நிலைநிறுத்தப்படுகிறது என்பதை அந்தக் காட்சியே ஒப்புக்கொள்வதுபோல் இருக்கிறது. ஐந்து ஆண்டுகள் கழித்து, மிக்கி ரூனியும் ஜூடி கார்லண்டும் நடித்த ஆண்டி ஹார்டி குடும்பப் படங்களைக் கொண்டு அவர் முத்தொகுதியை நிறைவுசெய்தார். அதில் தாயைத் தழுவும் மகனின் அசைவு நீட்டப்பட்டுக் காமத்தின் சாயல் கொள்ளும்போது அரங்கில் சிரிப்பு எழும். அந்தச் சிரிப்பு சற்று மலிவானது. முதல் இரு படங்களும் காட்சியிலிருந்து கண்டெடுத்ததை இது வலிந்து திணிக்கிறது.

இருட்டறையில் ஒரு மீட்டர்

ஆர்னால்டின் சமகாலத்தவரும் 1958-இல் பிறந்தவருமான பீட்டர் செர்காஸ்கி, கேமராவையே விட்டொழித்தார். அவர் கையாளும் கான்டாக்ட் பிரின்டிங் முறையில், ஒளிபடாத புதுப் பிலிமின் மீது பழைய பிலிமை நேரடியாகப் படியவைத்து, மேலிருந்து வெளிச்சம் காட்டினால் படம் பதிந்துவிடும். ஒரு மீட்டர் நீளமுள்ள பலகையில் பிலிமின் ஓரத்துளைகள் சிக்கி நிற்கும்படி சிறு ஆணிகள் அடிக்கப்பட்டிருக்கும். அதில் புதுப் பிலிமை மாட்டி, மேலே மூலப் படத்தின் துண்டை மாட்டி, தேவையான பகுதியை மட்டும் லேசர் கதிராலோ சிறு விளக்காலோ தடவிக் கொடுத்து, பிறகு அதை எடுத்துவிட்டு வேறொரு துண்டை மாட்டி மறுபடியும் ஒளி காட்டுவார். பலகை ஒருமுறைக்கு ஏற்பது 48 சட்டகங்கள், அதாவது திரையில் 2 விநாடி. 10 நிமிடப் படத்துக்கு 300 பலகை நீளம் வேண்டும். ஒவ்வொன்றிலும் பல அடுக்குப் பதிவுகள் உண்டு. சிவப்பு வெளிச்சத்தில் குனிந்து நின்று செய்யப்படும் இந்த வேலைக்குத் திரைத்தொழிலைவிடத் தறிவேலையே நெருக்கமான உறவு.

இம்முறையில் 1999-இல் பிறந்த ‘அவுட்டர் ஸ்பேஸ்’ இவ்வகைப் படங்களின் உச்சம் என்று தயங்காமல் சொல்லலாம். அதன் மூலம் சிட்னி ஜே. ஃபியூரி இயக்கி 1982-இல் வெளியான ‘தி என்டிட்டி’. பார்பரா ஹெர்ஷி ஏற்ற பாத்திரமான பெண்ணை அவளுடைய வீட்டுக்குள்ளேயே கண்ணுக்குத் தெரியாத ஒரு சக்தி தாக்கிக்கொண்டேயிருப்பது அதன் கதை. வண்ணப் படத்தைக் கறுப்பு வெள்ளையாக்கிய செர்காஸ்கி, அந்தத் தாக்கும் சக்திக்குக் கதையில் இல்லாத ஓர் உருவத்தைக் கொடுத்தார்: பிலிம்தான் அது. இரவில் ஒரு பெண் வீட்டுக்குள் நுழைகிறாள். படம் மெல்ல விலகி இரண்டாகிறது. ஒருபக்க முகத்தின் மேல் இன்னொரு அறை படிகிறது. ஓரத்துளைகள் திரைக்குள் பாய்கின்றன. வழக்கமாகக் கண்ணுக்கு மறைந்திருக்கும் ஒலிப்பட்டை, அதாவது ஒலியை ஒளிக்கோடாகப் பதிந்துவைத்திருக்கும் ஓர விளிம்பு, படத்தின் நடுவே வந்து இரைகிறது. அவள் கண்ணாடிகளை உடைத்துத் திருப்பித் தாக்கும்போது, அடிபடுவது அவளைச் சுற்றியுள்ள சட்டகமே என்று தோன்றுகிறது.

வன்முறைக்கு ஆளாகும் பெண்ணின் உடலை மறுபடியும் அழகான காட்சியாக்குவது எவ்வகையில் விமரிசனம் ஆகும் என்ற கேள்வி இப்படத்தின் முன் நிற்கவே செய்கிறது. கேட்கப்பட வேண்டிய கேள்விதான் அது. மூலப் படம் அவளுடைய துன்பத்தைப் பார்வையாளரின் கிளர்ச்சிக்காகப் பயன்படுத்தியபோதும், பார்ப்பவரைப் பத்திரமான இருட்டில் உட்கார வைத்திருந்தது. செர்காஸ்கியின் படத்திலோ பார்ப்பதற்கான கருவியே தாக்கும் கையாக மாறிவிடுவதால், அந்தப் பத்திரம் பறிபோகிறது; இறுதியில் அவளுடைய முகம் பலவாகப் பெருகி நேரே நோக்கும்போது விலகிக்கொள்ள வழியிருப்பதில்லை. ஆனாலும் 2001-இல் அதே மூலத்திலிருந்து அவர் செய்த ‘ட்ரீம் வர்க்’, தொழில்நுட்பத்தில் இன்னும் நுட்பமாக இருந்தும், அதே பெண்ணை மீண்டும் படுக்கையில் கிடத்துவதால் இந்தக் கேள்விக்கு அவ்வளவு நிறைவாக விடை தருவதில்லை. 2005-இல் கான் விழாவின் இயக்குநர்கள் பிரிவில் திரையிடப்பட்ட 17 நிமிடப் படத்தில் அவர் ஓர் ஆணைப் பலியாக்கினார். ‘தி குட், தி பேட் அண்ட் தி அக்லி’ படத்தின் ஈலை வாலக், தூக்குக் கயிற்றுக்கும் இடுகாட்டுக்கும் இடையே ஓடிக்கொண்டிருக்க, அவரைத் துரத்துவது இம்முறையும் பிலிம்தான்.

பிற நாடுகளிலும் இவ்வகையில் குறிப்பிடத்தக்க வேலைகள் நடந்துள்ளன. ஜெர்மனியின் மத்தியாஸ் முல்லர் 1990-இல் எடுத்த 6 நிமிடப் படமான ‘ஹோம் ஸ்டோரிஸ்’, தொலைக்காட்சித் திரையிலிருந்து பிடித்த ஹாலிவுட் கண்ணீர்க் காவியங்களின் கதாநாயகிகளை வரிசைப்படுத்துகிறது. ஒருத்தி படுக்கையிலிருந்து திடுக்கிட்டு எழ, இன்னொருத்தி விளக்கைப் போட, மூன்றாமவள் கதவில் காதை வைக்க, எல்லாரும் ஒருத்தியே என்பது சில நொடிகளில் புலனாகிவிடுகிறது. டக்ளஸ் கார்டன் 1993-இல் ‘சைக்கோ’ படத்தை 24 மணி நேரம் ஓடும்படி மெதுவாக்கினார். கிறிஸ்டியன் மார்க்லே, கடிகாரமும் நேரமும் தோன்றும் ஆயிரக்கணக்கான துண்டுகளை நாளின் ஒவ்வொரு நிமிடத்துக்கும் பொருத்தி 2010-இல் ‘தி கிளாக்’ என்ற 24 மணி நேரப் படத்தைக் கோத்து, மறு ஆண்டு ஈராண்டுக்கு ஒருமுறை நடக்கும் வெனிஸ் கலைவிழாவில் தங்கச் சிங்கம் பெற்றார். மூன்றிலும் பெரும்புகழ் பெற்றது மார்க்லேயின் படம். உழைப்பிலும் நேர்த்தியிலும் அதைக் குறைகூற முடியாது. எனினும் அது மூலப் படங்களை அடுக்குகிறதே தவிர ஒன்றையும் தொந்தரவு செய்வதில்லை என்பதால், முல்லரின் 6 நிமிடத்துக்கு அந்த 24 மணி நேரம் ஈடாகாது.

பில் மாரிசனின் ‘டெகேசியா’ தனி இனம். சிதைந்துகொண்டிருக்கும் நைட்ரேட் பிலிம்களை ஆவணக் காப்பகங்களில் தேடி எடுத்து, மைக்கேல் கார்டனின் இசையோடு 2002-இல் அவர் வெளியிட்ட இப்படத்தில் வெட்டும் கை இயற்கையினுடையது. குத்துச்சண்டை வீரன் ஒருவன் ஓங்கிக் குத்துவது எதிராளியை அன்று, பிலிமில் பரவிவரும் அழுகலை.

சட்டமும் பிரதியும்

இத்தகைய படங்கள் சட்டப்படி எங்கே நிற்கின்றன என்பது நாட்டுக்கு நாடு மாறுபடும். அமெரிக்காவில் 1976-ஆம் ஆண்டுச் சட்டத்தின் 107-ஆம் பிரிவு நியாயமான பயன்பாட்டை அனுமதித்து, எது நியாயம் என்பதை ஒவ்வொரு வழக்கிலும் நீதிமன்றம் முடிவுசெய்ய விட்டுவிடுகிறது. இந்தியாவின் 1957-ஆம் ஆண்டுப் பதிப்புரிமைச் சட்டத்தின் 52-ஆம் பிரிவு இதைவிடக் குறுகியது. சொந்தப் பயன்பாடு, ஆய்வு, விமரிசனம், செய்தி என்று எண்ணிச் சொல்லப்பட்ட நோக்கங்களுக்குள் படைப்பாளி தம்மைப் பொருத்திக்காட்ட வேண்டும். ஆனால் அதே சட்டம், திரைப்படத்துக்கான உரிமை வெளியான ஆண்டைத் தொடர்ந்து வரும் 60 ஆண்டுகளில் முடிவடைகிறது என்றும் சொல்கிறது. அக்கணக்கின்படி 1930-களிலும் 1940-களிலும் 1950-களிலும் வெளிவந்த தமிழ்ப் படங்கள் அனைத்தும் இன்று பொதுச்சொத்து. அவற்றை வெட்டவோ நீட்டவோ புரட்டவோ திரைப்படப் பதிப்புரிமைக்காக ஒருவரிடமும் அனுமதி கேட்க வேண்டியதில்லை.

தடையாக இருப்பது பிரதிதான். தென்னிந்தியாவின் முதல் கதைப்படமாகிய நடராஜ முதலியாரின் ‘கீசக வதம்’ இன்று இல்லை. 1931-இல் வந்த முதல் தமிழ்ப் பேசும்படமான ‘காளிதாஸ்’ இல்லை. பிலிமில் படிந்திருந்த வெள்ளிக்காகவே எத்தனையோ சுருள்கள் கழுவி அழிக்கப்பட்டன. ஆர்னால்டுக்கு ஒரு மறக்கப்பட்ட குற்றப் படமும் கார்னெலுக்கு ஒரு மட்டமான காட்டுப் படமும் போதுமானவையாக இருந்தன என்பதால், காப்பாற்றத்தக்கது சிறந்த படம் மட்டுமே என்ற எண்ணம் இத்துறையில் செல்லாது. பழைய தயாரிப்பாளர்கள், விநியோகஸ்தர்கள், திரையரங்கு உரிமையாளர்கள் ஆகியோரின் குடும்பங்களில் இன்னும் தகரப் பெட்டிகள் கிடக்குமானால், அவற்றைப் புணேயில் 1964 முதல் இயங்கிவரும் தேசியத் திரைப்பட ஆவணக் காப்பகத்திடம் சேர்ப்பிக்க வேண்டும். பெட்டியைத் திறந்ததும் காடியின் புளித்த நெடி அடித்தால் அசிடேட் பிலிம் சிதையத் தொடங்கிவிட்டது என்று பொருள்; அந்தப் பெட்டியைச் சேர்ப்பிப்பதை அடுத்த மாதத்துக்குத் தள்ளிப்போடக் கூடாது.